ஆசகேல் மங்கர் கேட்காத மெட்டு

இருநூறு சொச்சம் வருடத்துக்கு முன், அமெரிக்காவில் மாசசூசெட்ஸின் மேற்கு மலைப்பக்கத்துப் பெல்டன் ஊரில், ஆசகேல் மங்கர் செய்த பீப்பாய் ஒழுகியதாக ஒருவரும் சொன்னதில்லை. அவருடைய குரல் அப்படியல்ல. ஞாயிற்றுக்கிழமை அவர் வாயைத் திறந்தால் அது சபைக்கூடத்தின் பலகைச் சந்துகள் வழியாக வெளியேறி, வேலியில் கட்டியிருந்த குதிரைகள்வரை போய்ச் சேரும். குதிரைகள் சீக்கிரம் பழகிக்கொண்டன. போதகருக்குத்தான் நாளானது.

வயது நாற்பத்தொன்று. ஆப்பிள் சாற்றைப் புளிக்கவைத்த சைடருக்குப் பீப்பாய், மாவுப் பீப்பாய், பன்றி இறைச்சியை உப்பில் ஊறப்போடும் தொட்டி, இவைதாம் பிழைப்பு. ஊரின் பன்றிக் கண்காணிப்பாளர் பதவியும் அவரிடமே இருந்தது. புதிதாகக் கல்யாணமானவனைக் கேலி செய்வதற்காக மார்ச் மாத ஊர்க்கூட்டத்தில் கைதூக்கிக் கொடுக்கும் பதவி அது. ஒரு வருடம் வைத்திருந்து, சிரித்துவிட்டு, அடுத்த மாப்பிள்ளைக்குத் தள்ளிவிடுவார்கள். ஆசகேலோ அதை நிஜமான பதவி என்று எடுத்துக்கொண்டு, வேலி தாண்டிய பன்றிகளை ஒன்றுவிடாமல் பிடித்து உரியவர் வீட்டில் சேர்த்தார். அதனால் ஊர் பதினாறு வருடமாக அவரை மாற்றவேயில்லை. கேலியைப் பொறுப்பாகச் செய்கிற மனிதனை என்ன செய்வதென்று பெல்டனுக்குத் தெரியவில்லை.

பாட்டு விஷயத்திலும் இதுதான் நடந்தது.

பெல்டனில் சங்கீதம், அதாவது பைபிளின் துதிப்பாடல், பாடுவதென்றால், சபைப் பொறுப்பாளரான டீக்கன் இத்தாமார் பிளிஸ் பிரசங்க மேடைக்குக் கீழே சபையைப் பார்த்து எழுந்து நின்று ஒரு வரியைச் சொல்வார். சபை அந்த வரியைப் பாடிவிட்டு நிற்கும். அவர் அடுத்த வரியைக் கொடுப்பார். வீட்டுக்கு வீடு புத்தகம் இல்லாத நாளில் ஏற்பட்ட வழக்கம்; புத்தகம் வந்தபிறகு அதுவே பக்தி ஆகிவிட்டது. வரியை வாங்கியவர்கள் அவரவர் வேகத்தில் பாடினார்கள். விதவை ஹேல் ஒவ்வொரு சுரத்திலும் ஒரு சுழி போட்டு, சபை முடித்த பிறகும் தன் வரியைத் தனியாக முடித்து வைப்பார். நீளமான சங்கீதம் என்றால் குளிருக்காகக் காலடியில் வைத்த கணப்பில் கரி அணைந்துபோகும்.

மூன்று குளிர்காலத்துக்கு முன் ஒரு பாட்டு வாத்தியார் ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டு வந்து, விடுதி மாடியில் பத்து வாரம் பாட்டுப் பள்ளி நடத்தினார். இளைஞர்களும் பெண்களும் சுரம் படிக்கப் போவதாகச் சொல்லிக்கொண்டு போனார்கள். உண்மையில் திரும்பி வரும்போது ஜோடியாக நடப்பதற்காகப் போனார்கள். பள்ளி முடிந்தபோது நான்கு கல்யாணங்களும், அவற்றோடு தவறுதலாக முப்பது பாடகர்களும் கிடைத்தார்கள். சுரம் படிக்கவேண்டும் என்பதற்காகவே அங்கே போனவர் ஆசகேல் ஒருவர்தான்.

வரி வாங்கிப் பாடுவதா, சுரம் பார்த்துப் பாடுவதா என்று பிறகு நடந்த சண்டையை இரண்டு வருடம் இழுத்து, சபை ஒரு தீர்மானம் போட்டது: மாதத்தின் முதல் ஞாயிறு சபைக்கூடத்து மாடியில் உட்காரும் பாடகர்கள் வரி வாங்காமல் நிறுத்தாமல் பாடலாம், மற்ற ஞாயிறுகள் டீக்கனுடையவை. இரண்டு கட்சிக்கும் தாம் தோற்றுவிட்டதாகவே தோன்றியதால் ஊரில் அமைதி நிலவியது.

அந்த அமைதியில்தான் ஆசகேல் ஒரு மெட்டு எழுதினார்.

அது துரத்துப்பாட்டு. முதல் பாதியில் நான்கு குரல்களும் ஒன்றாகப் போகும். பிறகு சட்டென்று நிற்கும். அடிக்குரல் தனியாக ஆரம்பிக்கும். அதன் குதிகாலை மிதித்துக்கொண்டு மற்ற ஆண்களின் மெட்டுக்குரல் வரும். அதன் பின்னால் பெண்களின் உச்சக்குரல். கடைசியாக, இளைஞர்கள் தொண்டையை இறுக்கிப் பாடும் இடைக்குரல். எல்லாரும் ஒரே வார்த்தைகளைத்தான் பாடுவார்கள், ஆனால் வேறு வேறு நேரத்தில். கடைசி வரியில் எல்லாரும் கூடிவிடுவார்கள். கர்த்தர் பனியைக் கொட்டி, கல்மழையை வீசி, பிறகு ஒரு வார்த்தை சொல்லி எல்லாவற்றையும் உருகவைக்கிற சங்கீதத்தை அவர் அதற்குத் தேர்ந்திருந்தார்.

எழுதும் முறை வாத்தியார் சொல்லிக்கொடுத்ததுதான். முதலில் மெட்டுக்குரலை முழுதாக எழுது. அதன்கீழ் அடிக்குரல். பிறகு உச்சக்குரல். மிச்சமிருக்கும் இடத்தில் இடைக்குரலை அடை. ஒன்றுக்கொன்று ஒத்துப்போகிறதா என்று பார்க்க ஊரில் எந்த வாத்தியமும் கிடையாது. சபைக்கூடத்துக்குள் வாத்தியம் பாவம் என்பதுதான் இரண்டு கட்சியும் ஒப்புக்கொண்ட ஒரே விஷயம். ஆகவே மனைவி மைண்ட்வெல்லை அடுப்பங்கரையில் நிறுத்தி, அவள் ஒரு குரலும் இவர் ஒரு குரலுமாக, ஜோடி ஜோடியாகப் பாடிப் பார்த்தார். ஆறு ஜோடிகள். ஆறும் தேறின.

"அப்புறம் என்ன? நிம்மதியா தூங்குங்க," என்றாள் மைண்ட்வெல்.

"ரெண்டு ரெண்டு பேராத்தான் பாத்திருக்கோம். நாலும் ஒண்ணா சேந்தா என்ன சத்தம் வரும்னு தெரியலையே."

"எங்க அண்ணன்மார் நாலு பேரும் அப்படித்தான். எந்த ரெண்டு பேரை எடுத்தாலும் தங்கம். நாலு பேரையும் ஒரு மேஜையில உக்கார வெச்சுப் பாருங்க."

"பயமுறுத்தாதே."

"நான் பயமுறுத்தல. எழுதினது நீங்க."

அவருக்கு உண்மையிலேயே பயமாகத்தான் இருந்தது. ஒரு மெட்டைத் தானே எழுதிவிட்டு, அது எப்படி ஒலிக்கும் என்று தெரியாமல் இருப்பது விசித்திரமான நிலை. பாராட்டு வேண்டும், பேர் வேண்டும் என்றெல்லாம் அவர் நினைக்கவில்லை. ஒரே ஒரு முறை, வெளியே நின்று, நான்கு குரலும் சேர்ந்து அதைக் காதால் கேட்கவேண்டும். அவ்வளவுதான் வேண்டியிருந்தது.

அது அத்தனை சுலபமில்லை என்பது விடுதி மாடியில் முதல் ஒத்திகையிலேயே தெரிந்தது. மாடிப் பாடகர்களில் அடிக்குரல் இரண்டே பேர். ஒருவர் ஆசகேல். இன்னொருவன் கொல்லன் ஜோத்தாம். ஜோத்தாமுக்குச் சுரம் படிக்கத் தெரியாது. ஆசகேலின் தோளை ஒட்டி நின்று, அவர் போகும் இடத்துக்கெல்லாம் ஒரு இமைப்பொழுது தாமதமாகப் போவான். ஆசகேல் அறையின் மறுகோடிக்குப் போய் நின்று, "நீங்க பாடுங்க, நான் கேக்கறேன்," என்றார். முதல் பாதி நடந்தது. நின்றது. அடிக்குரல் தனியாகத் தொடங்கவேண்டிய இடத்தில் மௌனம் வந்தது.

"ஜோத்தாம், உன் முறைடா," என்றாள் உச்சக்குரலுக்குத் தலைவியான சப்மிட் ரூட். சப்மிட் என்றால் பணிந்துபோ என்று பொருள்; பேரில்தான் பணிவு இருந்தது, வாயில் இல்லை.

"எனக்குத் தெரியும்."

"தெரிஞ்சா வாயைத் திற."

"அவர் திறக்கட்டும், நானும் திறக்கறேன்."

மூன்று முறை முயன்றார்கள். ஆசகேல் திரும்ப வந்து ஜோத்தாமின் பக்கத்தில் நின்றதும் மெட்டு ஓடியது. ஆனால் அங்கே நின்றால் அவருக்குக் கேட்பது அவருடைய மண்டைக்குள் உருளும் அவருடைய குரல். அதற்குமேல் இடது காதில் ஜோத்தாம்.

"எப்படி இருந்துச்சு?" என்று சப்மிட்டைக் கேட்டார்.

"எங்க வரிசை நல்லா இருந்துச்சு, சகோதரரே," என்றாள். "மத்தவங்க பாடினாங்களா?"

அடுத்தது அனுமதி. புது மெட்டைச் சபையில் பாட சபைக்கூட்டம் சம்மதிக்கவேண்டும். டீக்கன் பிளிஸ் எழுந்தார். உயரமான மனிதர், மனைவி போய் ஒன்பது வருடம், ஒரே மகள் கல்யாணமாகிக் கனெக்டிகட்டில். முப்பத்தோரு வருடமாக வரி கொடுத்தவர். ஊரில் அவரைப் பிடிக்காதவர்கள் உண்டு. அவர் பொய் சொன்னார் என்று சொல்பவர்கள் இல்லை.

"ஒத்திகையை விடுதி ஜன்னலுக்குக் கீழ நின்னு கேட்டேன்," என்றார். "ஒருத்தர் பனி கொட்டுதுங்கறார். அதே நேரத்துல இன்னொருத்தர் உருகுதுங்கறார். சபை எந்த வானிலையை நம்பறது?"

சிரிப்பு எழுந்தது. ஆசகேலும் சிரித்துவிட்டார்; கேள்வி நியாயமாக இருந்தது.

"நம்ம ஊர்ல மார்ச் மாசம் ரெண்டும் சேந்துதானே நடக்குது, டீக்கன்?" என்றார்.

இந்தப் பதிலுக்காகவே நாலு ஓட்டு மாறியிருக்கவேண்டும். அறுவடைக்காகக் கர்த்தருக்கு நன்றி சொல்லக் கவர்னர் அறிவித்த நன்றியறிதல் நாளில், ஒரு முறை மட்டும் பாடலாம் என்று தீர்மானமாயிற்று. ஒரு நிபந்தனை. மெட்டுகளுக்கு ஊர்ப்பேர் வைப்பது வழக்கம். பாட்டு எதைப் பற்றியதானாலும் மெட்டுக்கு ஓர் ஊரின் பேர்தான். இதற்குப் பெல்டன் என்று வைக்கக் கூடாது என்றார் டீக்கன். மெட்டு கெட்டுப்போனால் அந்த அவமானத்தை ஊர் ஏன் சுமக்கவேண்டும்?

ஆசகேல் அதற்கு ஹார்லோ என்று பேர் வைத்தார். ஹார்லோ ஆறு மைல் தள்ளி. எல்லைக்கல் எங்கே இருக்கிறது என்பதில் பெல்டனுக்கும் ஹார்லோவுக்கும் பதினெட்டு வருடச் சச்சரவு. பெல்டன்காரர்கள் இதை அருமையான குத்தலாக ரசித்தார்கள். ஹார்லோக்காரர்களோ தங்களுக்குச் செய்த மரியாதை என்று எடுத்துக்கொண்டு ஒரு பெரிய பாலாடைக்கட்டி அனுப்பிவைத்தார்கள். அது சமாதானத்துக்குச் சற்று அருகில் வரும் விஷயமாதலால் இரண்டு தரப்பும் அதைப் பற்றிப் பேசவில்லை.

பாலாடைக்கட்டியைக் கொண்டுவந்தவன் பெலத்தியா கிரேன். ஹார்லோ சபை மாடியில் அடிக்குரல் பாடுபவன், சுரம் படித்தவன். எங்கள் ஊர் மெட்டு, நான் வந்து பாடுகிறேன் என்று அவனே சொன்னான். ஆசகேல் தாளைப் பிரதி எடுத்துக் கொடுத்தனுப்பினார். அன்றிரவு அவர் மனைவியிடம் சொன்னார்: "நன்றியறிதல் அன்னிக்கு நான் மேல போகல. உன் பக்கத்துல கீழ உக்காந்து கேக்கப் போறேன்."

"மாடிக்குப் போனதுக்கப்புறம் இப்பத்தான் சபையில என் பக்கத்துல உக்கார்றீங்க," என்றாள் மைண்ட்வெல். "அதுவும் எனக்காக இல்ல. சரி, வாங்க."

நன்றியறிதலுக்கு முந்தின நாள் மதியம் பனி தொடங்கியது. காலையில் முழங்காலுக்கு மேல் கிடந்தது. சங்கீதத்தில் உள்ளபடியே அத்தனை தாராளமாகக் கர்த்தர் கொட்டியிருந்தார். பெல்டன்காரர்கள் மண்வெட்டியோடு வழி வெட்டிக்கொண்டு சபைக்கு வந்து சேர்ந்தார்கள். ஹார்லோ பாதையில் ஒரு காலடித் தடம்கூட இல்லை.

ஆசகேல் மனைவியின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். கதவு திறக்கும்போதெல்லாம் திரும்பிப் பார்த்தார். போதகர் முதல் ஜெபத்தை முடித்தார். மாடியில் சப்மிட் கைப்பிடிச் சுவரின்மேல் குனிந்து இரண்டு விரலைக் காட்டினாள். பிறகு ஒன்றை மடக்கினாள். அதாவது, ஜோத்தாம் மட்டும். அதாவது, யாருமில்லை.

"பெலத்தியா வரமாட்டான்," என்று மெல்லச் சொன்னாள் மைண்ட்வெல்.

"தெரியுது."

"இன்னொரு நாள் பாடலாமே?"

"ஒரு தரம்னுதானே தீர்மானம்."

போதகர் சங்கீதத்தின் எண்ணைச் சொன்னார். டீக்கன் தன் இருக்கையில் கைகளைக் கட்டிக்கொண்டு, எழாமல், மாடியையே பார்த்துக்கொண்டிருந்தார். கீழே உட்கார்ந்தே இருந்தால் கேட்பதற்கு ஒன்றும் இருக்காது. மேலே போனால் பாட்டு இருக்கும், கேட்கத்தான் முடியாது. ஆசகேல் இதை நின்று யோசித்ததாகத் தெரியவில்லை. அவர் எழுந்து, பனியில் நனைந்த பூட்ஸ் சத்தம் எல்லார் காதிலும் விழ, மாடிப்படி ஏறினார். ஜோத்தாம் நகர்ந்து இடம் கொடுத்தான். தொடங்கும் சுரத்தைக் காட்டுவதற்கான, வாத்தியக் கணக்கில் சேராத சுருதிக் குழல் ஊதியாயிற்று.

முதல் பாதி போனது. நின்றது. அவர் தொடங்கினார்.

மூச்சு வாயிலிருந்து புகையாக வந்தது. மெட்டுக்குரல் தொடர்ந்து வந்தது அவருக்குத் தெரிந்தது, கேட்கவில்லை. முன்வரிசைத் தோள்கள் ஏறியதைப் பார்த்துத் தெரிந்துகொண்டார். பிறகு பெண்களின் தொப்பிகள் அசைந்தன. அப்போதுதான் ஒரு விஷயம் புரிந்தது. எல்லாக் குரலுக்கும் அவர் ஓய்வு எழுதியிருந்தார்: மெட்டுக்குரலுக்கு இரண்டு தாளம், உச்சக்குரலுக்கு நாலு, இடைக்குரலுக்கு ஆறு. நின்று மற்றவரைக் கேட்க எல்லாருக்கும் இடம் இருந்தது. முதலில் நுழைகிற அடிக்குரலுக்கு மட்டும் கடைசிவரை ஒரு மூச்சு நேரம்கூட இல்லை. அதை எழுதியதும் அவர்தான்.

பாட்டு முடிந்தது. போதகர் இருமிவிட்டுப் பிரசங்கத்தைத் தொடங்கினார்.

வெளியே வந்ததும் ஆசகேல் ஒவ்வொருவராகக் கேட்டார். கொல்லன் மனைவி, "எங்க வீட்டுக்காரர் ஒரு இடத்துலயும் தடுமாறல," என்றாள். சப்மிட்டின் தாய், "எம் பொண்ணு குரல் தனியா தெரிஞ்சுது," என்றார். மெட்டுக்குரல்காரனின் அப்பா மகனைப் பற்றிச் சொன்னார். விதவை ஹேல், தான் கூடவே பாடியதால் மற்றதைக் கவனிக்கவில்லை என்றார்.

வீட்டில், மாவு மூடிக்குள் கறி வைத்துச் சுட்ட கோழிப் பையைத் துண்டுபோடும்போது மைண்ட்வெல்லைக் கேட்டார்.

அவள் கத்தியை நிறுத்தினாள். "பொய் சொல்லணுமா?"

"வேண்டாம்."

"உங்க குரல் வந்துச்சு. அதுக்கப்புறம் அதையேதான் புடிச்சுக்கிட்டுப் போனேன். மத்ததெல்லாம் பக்கத்துல எங்கேயோ போயிட்டிருந்துச்சு."

இதற்குக் கோபப்படவும் முடியாது. ஊரில் எல்லாரும் தமக்கு வேண்டியவரின் குரலைத்தான் கேட்டிருந்தார்கள். ஆசகேல் தட்டைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். மாடியில் சொந்தமென்று ஒருவரும் இல்லாத மனிதர், குற்றம் கண்டுபிடிக்கவென்றே எல்லாவற்றையும் காது கொடுத்துக் கேட்டிருக்கக்கூடிய மனிதர், ஊரில் ஒருவர்தான். அவர் சாப்பிடாமல் எழுந்து தொப்பியை எடுத்தார்.

டீக்கன் பிளிஸ் கதவைத் திறந்தார். "பன்றி ஏதாவது வெளிய வந்துடுச்சா?"

"இல்ல, டீக்கன். காலைப் பாட்டு விஷயமா வந்தேன்."

"அதுவும் வெளிய வந்தாச்சு. இனிமே பட்டியில அடைக்க முடியாது. உள்ள வாங்க. பூட்ஸைத் தட்டிட்டு வாங்க." நெருப்புக்கு எதிரே உட்கார்ந்ததும், "எனக்குப் பிடிக்கல, சகோதரரே. நேராவே சொல்லிடறேன்," என்றார்.

"பிடிச்சுதான்னு கேக்க வரல. எப்படி இருந்துச்சுன்னு கேக்க வந்தேன்."

"நீங்க அங்கதானே இருந்தீங்க?"

"அங்க இருந்ததாலதான் என் காதுல விழல."

டீக்கன் நாற்காலியை அவர் பக்கம் திருப்பினார். பிறகு, கோர்ட்டில் சாட்சி சொல்பவர்போல முழங்காலில் கைகளை வைத்துக்கொண்டு ஆரம்பித்தார்.

"முதல்ல எல்லாரும் சேந்து நடந்தீங்க, குடும்பம் சபைக்கு வர்ற மாதிரி. அதுல சொல்ல ஒண்ணுமில்ல. அப்புறம் நின்னுட்டீங்க. ஒத்திகையில மாதிரியே மாட்டிக்கிட்டீங்கன்னு நினைச்சேன். அப்ப நீங்க வந்தீங்க. எனக்குக் காதுல தெரியறதுக்கு முன்னாடி காலடிப் பலகையில தெரிஞ்சுது. நீங்க பனியை விட்டுட்டுக் கல்மழைக்குப் போறதுக்குள்ள, மெட்டுக்குரல் பையனுங்க பனியைத் திரும்பக் கொண்டாந்துட்டாங்க. அப்புறம் பொண்ணுங்க, உத்தரத்துக்குப் பக்கத்துலருந்து. அந்த ஒரே வார்த்தை நாலு பக்கத்துலருந்தும் விழுந்துக்கிட்டே இருந்துச்சு. எது முதல்ல, எது கடைசின்னு சொல்ல முடியல." ஜன்னல் பக்கம் கையைக் காட்டினார். "அந்தப் பனியும் அப்படித்தான் விழுது. வரி கேட்டுக்கிட்டா விழுது? நான் ஒத்துக்கறேன்னு சொல்லல. கேட்டதைச் சொல்றேன்."

"சொல்லுங்க."

"'உருகும்'கிற இடத்துல இடைக்குரல்காரங்க பொண்ணுங்களோட உரசிட்டாங்க. புளிச்ச ஆப்பிளைக் கடிச்ச மாதிரி பல்லு கூசுச்சு."

"எந்த 'உருகும்'? 'உருகும்' அஞ்சு தடவை வருது."

"மூணாவது."

ஆசகேல் கண்ணை மூடினார். "சரி. அதுக்கப்புறம் நாலு பேரும் கடைசி வரியில கூடறோமே, அது?"

டீக்கன் இடுக்கியை எடுத்தார். விறகை ஒருமுறை கிளறினார்.

"முப்பத்தோரு வருஷமா வரி கொடுக்கறேன்," என்றார் பிறகு. "சபை ஒரு வரி பாடும்போது அடுத்த வரி என் நாக்கு நுனியில நிக்கும். மாடிக்காரங்க பாடற ஞாயித்துக்கிழமையும் நிக்கும், யாரும் கேக்காட்டியும். இன்னிக்கு நீங்க கூடின அந்த இடத்துல நிக்கல."

"மறந்துட்டீங்களா?"

"மறக்கல. தேவைப்படல." அவர் எழுந்துவிட்டார். "இதை சபைக்கூட்டத்துல போய்ச் சொல்லாதீங்க. அங்க நான் எதிர்த்துத்தான் கை தூக்குவேன்."

"தெரியும், டீக்கன். இன்னொரு தரம் முதல்லருந்து சொல்றீங்களா?"

டீக்கன் சொன்னார். இரண்டாம் முறை நிதானமாக, யார் எப்போது நுழைந்தார்கள் என்று ஒவ்வொரு அடியாக நிறுத்தி, ஆசகேல் அதை வாங்கிக்கொண்டு தலையசைக்கும்வரை காத்திருந்து சொன்னார்.

வீட்டுக்கு வந்து ஆசகேல் தாளை எடுத்துப் பார்த்தார். டீக்கன் சொன்னது சரி. மூன்றாவது 'உருகும்'மில் இடைக்குரலும் உச்சக்குரலும் அடுத்தடுத்த சுரத்தில் மாட்டிக்கொண்டு நின்றன. அடுப்பங்கரையில் இடைக்குரலை அவர் தன் பாதாளக் குரலில் பாடிப் பார்த்ததால் அந்த உரசல் தெரியாமல் போயிருந்தது. ஒரே ஒரு சுரத்தைக் கீழே இறக்கினால் தீர்ந்துவிடும். மைண்ட்வெல் கோழிப் பையைத் திரும்பச் சூடாக்கிக் கொண்டுவந்தபோது பேனாவை மை தொடாமல் வைத்துக்கொண்டிருந்தார்.

"தப்பு எங்கன்னு தெரிஞ்சுபோச்சே. மாத்தறதுதானே?" என்றாள்.

"மாத்தினா டீக்கன் கேட்டது வேற பாட்டு ஆயிடும்."

"ஆகட்டுமே."

"அவர் வாயால எனக்குக் கேட்டது அது ஒண்ணுதான்."

அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டுச் சாப்பிட்டார். பை நன்றாக இருந்தது. அதை அவர் சொல்லவும் செய்தார்.